நாரதர் வேடத்தில் ஒரு மதுரைப் பெண்

எம்.எஸ். சுப்புலட்சுமி சினிமாவில் நடித்தார் என்பதை நாம் ஒரு பேச்சுக்குச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். பாடகியின் வாழ்க்கையில் நடுவே வந்துபோன சில வருஷங்கள், அதுவும் நல்ல காரியத்துக்குப் பணம் சேர்க்க எட்டிப்பார்த்த இடம் என்கிற மாதிரி. அவரைப் பற்றிய மலர்களைப் புரட்டினால் சுப்ரபாதத்துக்கும் ஐ.நா. சபைக் கச்சேரிக்கும் பக்கம் பக்கமாக இடம் இருக்கும். ‘சேவாசதனம்’ ஒரு வரியில் முடிந்துவிடும். ‘மீரா’ மட்டும் தப்பிக்கும். அதையும் நடிப்பு என்று யாரும் எழுதுவதில்லை. அவர்தான் மீரா, மீராதான் அவர் என்று எழுதுவார்கள். ஒரு நடிகைக்கு இதைவிட விசித்திரமான பாராட்டு கிடைக்க முடியாது. நீ நடிக்கவே இல்லை என்று சொல்லிக் கைதட்டுகிறார்கள்.

மொத்தம் நான்கு படங்கள். 1938-இல் ‘சேவாசதனம்’, 1940-இல் ‘சகுந்தலை’, 1941-இல் ‘சாவித்திரி’, 1945-இல் ‘மீரா’. 1947-இல் மீராவின் இந்தி வடிவம் வந்தது. அத்தோடு சரி. இருபத்தொரு வயதில் தொடங்கிய வேலை முப்பதைத் தாண்டும்போது முடிந்துவிட்டது. இசையை ஒரு பக்கம் தள்ளிவைத்துவிட்டு, இதை ஒரு நடிகையின் உழைப்பாக மட்டும் வைத்துப் பார்க்க வேண்டும் என்று எனக்கு நெடுநாளாக ஆசை. இசையைத் தள்ளிவைக்க முடியுமா என்று கேட்பீர்கள். முடியாதுதான். ஆனாலும் பார்க்கலாம்.

மதுரையில் அனுமந்தராயன் கோயில் தெரு, மீனாட்சியம்மன் கோயிலிலிருந்து பொடிநடையாகப் போகிற தூரம். முகப்பில் வீணை உருவம் வைத்த பழைய வீடு ஒன்று அங்கே உண்டு. வீணைக் கலைஞர் சண்முகவடிவின் வீடு. அவருடைய தாயார் அக்கம்மாள் வயலின் வாசித்தவர். 1916 செப்டம்பர் 16 அன்று பிறந்த சுப்புலட்சுமிக்கு, வீட்டார் அழைப்பில் குஞ்சம்மாவுக்கு, அண்ணன் சக்திவேல் மிருதங்கம், தங்கை வடிவாம்பாள் வீணை. சேதுபதி பள்ளியில் அம்மாவின் கச்சேரி நடந்துகொண்டிருந்தபோது, வெளியே மண்ணில் விளையாடிக்கொண்டிருந்த தன்னை யாரோ தூக்கிவந்து, கையில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டு மேடையில் உட்கார்த்திப் பாடச் சொன்னார்கள் என்று அவரே பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். 1904-இல் பாரதி கொஞ்ச காலம் தமிழாசிரியராக இருந்த பள்ளி அது. பத்து வயதில் இசைத்தட்டும் வந்துவிட்டது.

எம்.எஸ். என்ற இரண்டு எழுத்துகளில் ஒன்று மதுரை, மற்றது சண்முகவடிவு. தகப்பன் பெயர் வர வேண்டிய இடத்தில் ஊரும் தாயும் நிற்கிறார்கள். இசை வேளாளர் குடும்பத்தில் அது இயல்பு. வெளியே இருந்தவர்களுக்கு அது ஒரு முத்திரை. அந்த முத்திரையின் மீது அப்போது சட்டசபையிலேயே வழக்கு நடந்துகொண்டிருந்தது. 1930-இல் முத்துலட்சுமி ரெட்டி தேவதாசி ஒழிப்பு மசோதாவைக் கொண்டுவந்தார். சட்டமாக 1947 ஆகிவிட்டது. 1936-இல் மூவலூர் ராமாமிர்தம் அம்மாள், அந்த வாழ்க்கையை உள்ளே இருந்து பார்த்தவர், தாசிகள் விரிக்கும் வலையைப் பற்றி ஒரு நாவலே எழுதி அச்சிட்டார். அதே 1936-இல்தான் சுப்புலட்சுமி மதுரையை விட்டு ரயிலேறிச் சென்னைக்கு வந்தார்.

இந்தப் பின்னணியை மனதில் வைத்துக்கொண்டு ‘சேவாசதனம்’ கதையைக் கேளுங்கள். ஏழைப் பிராமணப் பெண் ஒருத்தியைக் கிழவருக்குக் கட்டிவைக்கிறார்கள். அவர் சந்தேகப்பட்டு வீட்டைவிட்டுத் துரத்துகிறார். அவள் தாசித் தெருவுக்குப் போய்ச் சேர்கிறாள். பிறகு மனம் மாறி, ஆதரவற்ற பெண்களுக்கான இல்லத்தில் சேவை செய்கிறாள். மூலம் பிரேம்சந்தின் நாவல், எடுத்தவர் கே. சுப்ரமணியம். பாபநாசத்து வக்கீல், பிராமணர், தன் சாதியையே உரசிப் பார்ப்பதில் தயக்கம் இல்லாதவர். அதற்கு முந்தின வருஷம் ‘பாலயோகினி’ எடுத்துப் பல பேரின் வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொண்டவர். இதிலும் கிழக்கணவனாக நடித்த எஃப்.ஜி. நடேசய்யர் மனம் நொந்து பூணூலைக் கழற்றி எறிகிற காட்சியை வைத்தார்.

கதை முழுக்க ஒரு பிராமண வீட்டுப் பெண் தாசித் தெருவை நோக்கிச் சரிகிறாள். அவளாக நடித்த பெண்ணோ அதே பாதையில் எதிர்த்திசையில் நடந்துகொண்டிருந்தாள். அந்தத் தெரு எப்படி இருக்கும், அங்கே ஒரு பெண் எப்படி உட்காருவாள், எப்படிப் பேசுவாள் என்பதையெல்லாம் யாரும் அவருக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை என்று அன்றைய ரசிகர் நினைத்திருப்பார். ஆனால் அவர் நடித்துக்காட்ட வேண்டியிருந்தது அதை இல்லை. அவமானப்பட்ட குடும்பப் பெண்ணைத்தான். அக்கிரகாரத்து மருமகளின் நடையும் பயமும் தலைகுனிவும்தான் அவருக்குப் பழக வேண்டிய அந்நியப் பாடம். அதை அவர் நடித்துக் காட்டினார், சபையும் ஏற்றுக்கொண்டது. இரண்டு வருஷம் கழித்து, 1940 ஜூலை 10 அன்று திருநீர்மலையில் சதாசிவத்தை மணந்து, நிஜமாகவே ஒரு பிராமணக் குடும்பத்தின் தலைவியானார். சினிமாவில் ஒத்திகை, வாழ்க்கையில் அரங்கேற்றம் என்று சொன்னால் கொஞ்சம் கொடூரமாக இருக்கும். ஆனால் அந்தத் தலைமுறைப் பெண்கள் பலருக்கு அப்படித்தான் அமைந்தது.

இது தமிழ்நாட்டுக்கு மட்டுமே உரிய சங்கதியும் இல்லை. கொரியாவில் சினிமா பிறந்தபோது நல்ல குடும்பத்துப் பெண் யாரும் காமிரா முன் நிற்க வரவில்லை. ஆடவும் பாடவும் வாத்தியம் வாசிக்கவும் பழகிய கிசெங் பெண்கள் வந்தார்கள். 1923-இல் அங்கே ‘சுன்ஹியாங்’ கதையைப் படமாக்கியபோது நாயகியாக நின்றது ஒரு கிசெங். அந்தக் கதையோ, கிசெங்கின் மகள் ஒருத்தி அதிகாரியின் மிரட்டலுக்குப் பணியாமல் கணவனுக்கு உண்மையாக இருந்து ஜெயிப்பது. பன்னிரண்டு வருஷம் கழித்துக் கொரியாவின் முதல் பேசும்படமாக எடுத்ததும் அதே கதைதான். அதில் மூன் யே-போங் நடித்தார். மதுரை ராயல் டாக்கீ நிறுவனத்தார் 1937-இல் எடுத்த ‘சிந்தாமணி’யும் ஒரு தாசியின் கதை. தியாகராஜ பாகவதரும் அஸ்வத்தம்மாவும் நடித்த அந்தப் படம் ஓடிய ஓட்டத்தில் வந்த பணத்தைக் கொண்டு சிந்தாமணி டாக்கீஸ் என்ற தியேட்டரையே கட்டினார்கள் என்று ஊரில் சொல்வார்கள். கதைக்குள் தாசியைப் புனிதமாக்கிக் கும்பிடுவது, வெளியே அவள் வீட்டுத் திண்ணையில் உட்காரக் கூசுவது, இந்த இரட்டை வாழ்வு கடல் தாண்டியும் ஒரே மாதிரிதான் இருந்திருக்கிறது.

இங்கே ஒரு கணக்கைப் பார்த்துவிட வேண்டும். அந்தக் காலத்தில் பேசும்படம் என்றால் பாடும்படம். நடிக்கிறவரே பாட வேண்டும், அதுவும் காமிரா ஓடும்போதே. சட்டகத்துக்கு வெளியே ஆர்மோனியக்காரரும் தபேலாக்காரரும் உட்கார்ந்திருப்பார்கள். அதனால் கச்சேரி வித்வான்களுக்கெல்லாம் வலை வீசினார்கள். மகாராஜபுரம் விஸ்வநாதய்யர் 1935-இல் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்த படத்தில் வேதியராக வந்தார். பாபநாசம் சிவன் 1936-இல் குசேலர் ஆனார். முசிரி சுப்ரமணிய ஐயர் 1938-இல் துக்காராம் ஆனார். ஜி.என். பாலசுப்ரமணியம், ஆங்கில இலக்கியம் படித்த பட்டதாரி, ‘சகுந்தலை’யில் துஷ்யந்தன் ஆனார். இவர்களில் பெரும்பாலோருக்கு நடிப்பு வரவில்லை. ஜி.என்.பி. பாட ஆரம்பித்தால் ராஜா, நிறுத்தினால் ராஜா வேஷம். ஆனால் யாருக்கும் எந்தக் குறைவும் வரவில்லை. படம் முடிந்தது, மேக்கப்பைத் துடைத்தார்கள், சபா மேடைக்குத் திரும்பினார்கள். ‘நடிகர்’ என்ற பட்டம் அவர்களோடு ஒட்டவே இல்லை. நடித்ததற்காக அவர்கள் யாருக்கும் எந்தச் சமாதானமும் சொல்லத் தேவையிருக்கவில்லை.

பெண்ணுக்கு அப்படி இல்லை. என்.சி. வசந்தகோகிலம் என்ன மாதிரி குரல்! ‘ஹரிதாஸ்’ உள்ளிட்ட படங்களில் நடித்தார்; 1951-இல் இளம் வயதிலேயே போய்விட்டார். இன்று அவரைத் தேடிக் கேட்கிறவர்கள் இசைத்தட்டுப் பித்தர்கள் மட்டுமே. சுந்தராம்பாள் நந்தனாராக நடிக்க ஒரு லட்சம் ரூபாய் வாங்கியவர். அவர்கூட, கணவன் கிட்டப்பா இறந்த பிறகு வெள்ளைச் சேலையும் விபூதியுமாக வாழ்ந்துகாட்டிய பிறகுதான் ஊர் அவரை அம்மாளாக ஏற்றது. நடிகை என்ற சுங்கச்சாவடியைப் பெண் கடந்துபோக வேண்டுமானால் துறவை விலையாகக் கட்ட வேண்டும்.

‘சகுந்தலை’யை எடுத்தவர் எல்லிஸ் ஆர். டங்கன். ஒஹாயோவில் பிறந்த அமெரிக்கர். கலிஃபோர்னியாவில் சினிமா படித்துவிட்டு, கூடப் படித்த மாணிக்லால் டாண்டனோடு 1935-இல் இந்தியா வந்து பதினைந்து வருஷம் தமிழ்ப்படம் எடுத்தார், தமிழ் தெரியாமலே. தெரியாதது ஒரு விதத்தில் நல்லதாகப் போயிற்று என்பது என் எண்ணம். வசனத்தின் அழகில் மயங்க வாய்ப்பில்லாத ஆள், முகத்தைத்தானே பார்த்தாக வேண்டும்? ‘மீரா’ எடுப்பதற்கு முன் அவரும் ஒளிப்பதிவாளர் ஜிதேன் பானர்ஜியும் ஒரு காரியம் செய்தார்கள். எம்.எஸ்ஸின் முகத்தை அச்செடுத்துப் பிளாஸ்டரில் தலை ஒன்று வார்த்தார்கள். அந்தப் பிளாஸ்டர் தலையை வைத்து விளக்கை மேலே, கீழே, பக்கவாட்டில் என்று மாற்றி மாற்றிப் போட்டு, எந்தக் கோணத்தில் எந்த வெளிச்சத்தில் இந்த முகம் என்ன ஆகிறது என்று பார்த்துப் பார்த்துக் குறித்துக்கொண்டார்கள். மூக்கின் நிழல் எங்கே விழ வேண்டும், கண்ணுக்குள் புள்ளியாக ஒளி எங்கே நிற்க வேண்டும் என்பதெல்லாம் அவர் ஸ்டுடியோவுக்குள் வருமுன்னே முடிவாகிவிட்டது. மீராவின் முகத்தில் தெரிகிற அந்தத் தெய்வீகம் என்று நாம் தழுதழுக்கிறோமே, அதில் ஒரு பங்கு இந்தத் தச்சுவேலைக்குச் சேரும்.

மீதிப் பங்கு நடிகைக்கு. ‘மீரா’வை ஒருமுறை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள், பக்தர்கள் மன்னிப்பார்களாக. ராணாவாக நடித்த நாகையா எதிரே நின்று பேசும்போதெல்லாம் அவருடைய பார்வை நாகையாவின் முகத்தில் இறங்குவதில்லை. தோளுக்குப் பின்னால் எங்கேயோ போய் நிற்கிறது. கோபமோ அலட்சியமோ அதில் இல்லை, கேட்டுக்கொண்டிருக்கிறார் என்றும் தெரிகிறது. ஆனால் எதிரே இருக்கிற மனிதன் அவருக்குக் கொஞ்சம் மங்கலாகத் தெரிகிறான் என்பது நமக்குப் புரிந்துவிடுகிறது. வேறு ஒருவனிடம் மனதைக் கொடுத்த மனைவியை, அவள்மேல் பார்வையாளனுக்குத் துளி வெறுப்பும் வராமல் நடிப்பது சாதாரண வேலையா? உடம்பை அதிகம் அசைக்காமல், கையைக் காலை ஆட்டாமல், அந்தக் காலத்து நாடகத்தனம் எதுவும் இல்லாமல் செய்திருக்கிறார். நாடகக் கம்பெனியில் பழகாதது அவருக்கு லாபம். கச்சேரி மேடையில் மணிக்கணக்கில் ஓரிடத்தில் உட்கார்ந்து, ஆயிரம் பேர் பார்க்க, முகத்தை மட்டும் வைத்துக்கொண்டு பாடிப் பழகியவருக்கு குளோசப் ஒரு கஷ்டமே இல்லை.

எனக்கு மிகவும் வருத்தம் தருவது ‘சாவித்திரி’. பார்க்கக் கிடைக்காத படம். இசைத்தட்டில் பாட்டு உண்டு, சில புகைப்படங்கள் உண்டு. ஒய்.வி. ராவ் எடுத்தார். அதில் எம்.எஸ்ஸுக்கு நாரதர் வேடம். சதாசிவத்துக்கு இதில் மனம் ஒப்பவில்லை என்றும், கல்கி பத்திரிகை தொடங்கப் பணம் வேண்டியிருந்ததால் ஒத்துக்கொண்டார்கள் என்றும் எழுதியிருக்கிறார்கள். 1941 ஆகஸ்டில் ‘கல்கி’ முதல் இதழ் வந்தது. ஆக, அந்தப் பத்திரிகையில் பிறந்து தமிழர் தலைமுறை தலைமுறையாகப் படித்த சிவகாமிக்கும் வந்தியத்தேவனுக்கும் அடியில் முதலாகப் போட்டது ஒரு பெண் ஆண்வேடம் கட்டி வாங்கிய சம்பளம். ‘பொன்னியின் செல்வ’னுக்கு நூறு விமர்சனம் எழுதிய நாம் அந்த நாரதருக்கு ஒன்றுகூட எழுதவில்லை. கலகக்காரர், ஆண், குறும்பர். எம்.எஸ்ஸிடம் எல்லோரும் பார்த்த சாந்தத்துக்கு நேர் எதிரான பாத்திரம். அதை எப்படிச் செய்தார் என்று தெரிந்தால் அவர் எப்பேர்ப்பட்ட நடிகை என்பதும் தெரிந்துவிடும். தம்பூராவை எப்படிப் பிடித்தார், சிரிப்பை எங்கே ஒளித்தார், நடக்கும்போது ஆண்நடை வந்ததா?

அந்தப் படத்தின் சாவித்திரி யார் என்று பார்த்தால் இன்னும் சுவாரஸ்யம். மராத்தி நடிகை சாந்தா ஆப்தே. தமிழ் கற்றுக்கொண்டு தானே பேசிப் பாடி நடித்தார். 1937-இல் சாந்தாராமின் ‘குங்கூ’ படத்தில் கிழவனுக்குக் கட்டிவைக்கப்பட்டு, அந்தக் கல்யாணத்தையே ஏற்க மறுக்கும் பெண்ணாக நடித்து இந்தியாவையே திரும்பிப் பார்க்கவைத்தவர். ஆக, ‘சாவித்திரி’யின் படப்பிடிப்புத் தளத்தில் கிழக்கணவன் கதையின் இரண்டு நாயகிகள் எதிரெதிரே நின்றிருக்கிறார்கள். ஒருத்தி வீட்டுக்குள் நின்று எதிர்த்தவள், ஒருத்தி வீட்டைவிட்டு விரட்டப்பட்டுச் சேவைக்குப் போனவள். நிஜ வாழ்க்கையிலும் ஆப்தே லேசுப்பட்டவர் இல்லை. 1939-இல் சம்பளத் தகராறில் பிரபாத் ஸ்டுடியோ வாசலில் உட்கார்ந்து உண்ணாவிரதம் இருந்தார். அடுத்த வருஷம் ‘நான் சினிமாவுக்குப் போகட்டுமா?’ என்று கேட்டு மராத்தியில் ஒரு புத்தகமே எழுதினார். முதலாளி எப்படிப் பிழிகிறான், நடிகை எப்படித் தேய்கிறாள் என்று வெளிப்படையாகப் போட்டு உடைத்த புத்தகம். படப்பிடிப்பு இடைவேளையில் இருவரும் என்ன பேசியிருப்பார்கள்? ஒன்றும் பேசாமலும் இருந்திருக்கலாம். எம்.எஸ். அதிகம் பேசாதவர். வாழ்க்கை முழுதும் தன் சார்பில் மற்றவர்களைப் பேசவிட்டவர். புத்தகம் எழுதிய ஆப்தேயை இன்று மராத்தியிலேயே ஆராய்ச்சியாளர்கள்தான் தேடிப் படிக்கிறார்கள்.

1945 தீபாவளிக்கு ‘மீரா’ வந்தது. பிறகு ஏன் நிறுத்தினார் என்பதற்குப் பக்தி, காந்தி, கணவரின் முடிவு என்று காரணம் சொல்கிறோம். எல்லாம் இருக்கலாம். தொழில் சார்ந்த காரணம் ஒன்றும் கூடவே இருந்தது, அதை யாரும் கவனிப்பதில்லை. அதே 1945-இல் ஏவி. மெய்யப்பன் ‘ஸ்ரீவள்ளி’ வெளியிட்டார். வள்ளியாக நடித்த ருக்மிணியின் பாட்டு சரியாக இல்லை என்று, பி.ஏ. பெரியநாயகியைப் பாடவைத்து அந்தக் குரலை ருக்மிணியின் உதட்டில் ஒட்டவைத்தார். பாடத் தெரிந்தவர்தான் நடிக்க முடியும் என்ற விதி அத்தோடு தளர ஆரம்பித்தது. முகம் ஒருத்தியுடையது, குரல் இன்னொருத்தியுடையது என்று ஆன பிறகு பாடும் நடிகைக்கு வேலை குறைந்தது. எம்.எஸ். சரியான நேரத்தில் எழுந்து வந்தார் என்று சொல்ல வேண்டும். இந்தி மீராவின் தொடக்கத்தில் சரோஜினி நாயுடுவே திரையில் தோன்றி அவரை அறிமுகப்படுத்திவைத்தார். நடிகைக்கு அதைவிடப் பெரிய வழியனுப்பு விழா கிடையாது. அப்புறம் அவர் நடிகை இல்லை.

‘மீரா’வில் ஜெயமல் என்று சின்ன வேஷம் ஒன்று. வாளும் தலைப்பாகையுமாக அவ்வப்போது வந்துபோகிற அந்த இளைஞர் எம்.ஜி. ராமச்சந்திரன். சிறுவயதில் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் சேர்ந்து வேஷம் கட்டிச் சோறு தின்றவர். அவரும் பிழைப்புக்காகத்தான் நடிப்புக்கு வந்தார். ஆனால் நடிகர் என்ற பெயரைக் கழற்றாமலே, அதையே கொடியாகப் பிடித்துக்கொண்டு 1977-இல் முதலமைச்சர் ஆனார். 1980-இல் மதுரை மேற்கில் நின்றே ஜெயித்தார். ஒரே படத்தில் இருந்த இரண்டு பேர். ஒருவருக்கு வேஷம் கவசம். இன்னொருவருக்கு அது களைய வேண்டிய கறை.

மதுரை சுண்ணாம்புக்காரத் தெருவில் நாடக நடிகர் சங்கம் இன்னும் நடக்கிறது. பங்குனி பிறந்துவிட்டால் மேலூர், உசிலம்பட்டி, வாடிப்பட்டிப் பக்கத்து ஊர்க்காரர்கள் திருவிழாவுக்கு ஸ்பெஷல் நாடகம் பேசி முடிக்க வருவார்கள். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், டான்ஸ் என்று தனித்தனியாக ஆள் பேசி, அட்வான்ஸ் கொடுத்து, நோட்டீஸ் அடிப்பார்கள். நோட்டீஸில் ஒவ்வொரு நடிகையின் படத்துக்குக் கீழேயும் பெயருக்கு முன்னால் ஊர். மதுரை இன்னார், புதுக்கோட்டை இன்னார். எம்.எஸ். சுமந்த அதே முன்னெழுத்து. 1990-களின் தொடக்கத்தில் சூசன் சைஸர் என்ற அமெரிக்க மானுடவியலாளர் இந்த நடிகைகளோடு பழகி, அவர்கள் சுமக்கும் அவப்பெயரைப் பற்றி ஒரு பெரிய புத்தகம் எழுதினார். ராத்திரி முழுக்க வள்ளியம்மனாக நிற்கிற பெண், விடிந்ததும் பார்வைக்கும் பேச்சுக்கும் தப்பி வீடு போய்ச் சேருவதற்கு என்னென்ன ஏற்பாடு செய்கிறாள் என்பது அதில் இருக்கிறது.

அதிகம் போடுவது ‘வள்ளி திருமணம்’தான். தினைப்புனத்துக்கு நாரதர் வருவார். வள்ளிக்கும் அவருக்கும் தர்க்கம் நடக்கும். மேடையிலேயே கேள்வி, மேடையிலேயே பதில். திருப்புகழும் தெரிந்திருக்க வேண்டும், ஊர் நக்கலும் தெரிந்திருக்க வேண்டும். மறுநாள் காலையில் அந்த ஊர் டீக்கடையில் உட்கார்ந்தால் விமர்சனம் காதில் விழும். போன வருஷம் வந்த வள்ளிக்குக் குரல் இருந்தது, வாய் பத்தலை. இவளுக்கு வாய் இருக்கு, ஆனா நாரதர் மடக்குனப்ப ஒரு நிமிஷம் தடுமாறிட்டா, பாட்டைப் போட்டுச் சமாளிச்சா. அடுத்த வருஷம் அந்தப் பழைய புள்ளையவே கூப்பிடுங்கப்பா.